துயர்மேடையில் ஒரு தொப்பி

லண்டன் ரெய்னர்ஸ் லேனில் செல்வரத்தினத்தை எல்லோரும் டொக்டர் என்றுதான் கூப்பிட்டார்கள். பட்டம் இன்னும் கைக்கு வரவில்லை. வரும் வரும் என்று பதினோரு வருடமாகச் சொல்லிக்கொண்டிருந்தார். அவ்வளவு காலம் வந்துகொண்டிருக்கிற ஒன்றை வந்துவிட்டதாகவே வைத்துக்கொள்வதில் சனத்துக்கும் நட்டமில்லை, அவருக்கும் கூச்சமில்லை. ஒருமுறை பிறந்தநாள் விழா ஒன்றில் யாரோ மயங்கி விழ, "டொக்டர், டொக்டர்" என்று இவரைத்தான் இழுத்துக்கொண்டு போனார்கள். அவரும் போய், விழுந்தவரின் கையைப் பிடித்தபடி, அம்புலன்ஸ் வரும்வரை தம் கைக்கடிகாரத்தைக் கவலையோடு பார்த்துக்கொண்டு நின்றார்.

இரவில் பெட்ரோல் நிலையத்தில் ஷிப்ட், பகலில் ஆராய்ச்சி. யாழ்ப்பாணத்தில் வரலாறு படிப்பித்தவர்; யாழ்ப்பாணத்தை ஆண்ட போர்த்துக்கேயரைப் பற்றி எழுதத்தான் லண்டனுக்கு வந்தார். ஆனால் அவருக்கு வாய்த்த பேராசிரியரிடம் இருந்த போட்டோக்கொப்பிகள் எல்லாம் பிரேசிலைப் பற்றியவை. ஆகவே பிரேசில். மாலை வகுப்பில் போர்த்துக்கேய மொழி படித்தார். பிறகு மலைகளுக்கு நடுவே இருந்த ஒரு பழைய தங்கச் சுரங்கப் பட்டினத்துக்குள் இறங்கினார், இன்னும் ஏறவில்லை.

அந்தப் பட்டினத்தில் நடந்தது இதுதான். கடலுக்கு அப்பால் லிஸ்பனில் அரசர் செத்துப்போனார். சேதி கப்பல் ஏறி, கழுதை ஏறி, மாதக்கணக்கில் கழித்து வந்து சேர்ந்தது. அரசரை ஒருநாளும் கண்டிராத சனம் உடனே கோயிலுக்குள் கூரை முட்ட ஒரு துயர்மேடை கட்டியது. துயர்மேடை என்பது செல்வரத்தினம் வைத்த பெயர். பலகைக்குப் பளிங்குபோல வர்ணம், சாந்துக்குத் தங்கம்போல வர்ணம். உண்மைத் தங்கம் முழுவதும் அரசருக்கே ஏற்றியனுப்பியாகிவிட்டது. படிக்குப் படி எலும்புக்கூடுகள், மணற்கடிகாரங்கள், மறைகிற சூரியன்கள். தூணெல்லாம் கவிதை: மேலிருந்து கீழே வாசித்தாலும் குறுக்கே வாசித்தாலும் அழுகிற கவிதை. உச்சியில் வெறும் பெட்டி. பெட்டிமேல் மெத்தை, மெத்தைமேல் தகரக் கிரீடம். சுரங்கத்தில் இறங்கித் தங்கம் எடுத்த அடிமைகள் வாசலில் மெழுகுதிரி பிடித்துக்கொண்டு நின்றார்கள். அவர்கள் வீட்டுச் சாவுக்கு யாரும் பாட்டு எழுதவில்லை.

இந்தக் கலைக்குப் பரோக் என்று பெயர். "சுவரில கொஞ்சம் இடம் விட்டாலும் சாவு வந்து குந்தியிடும் எண்டு பயந்தவங்களின்ரை கலை" என்பது செல்வரத்தினத்தின் விளக்கம். அந்தக் கவிராயர்கள்மேல் அவருக்கு அடங்காத இளக்காரம். ஒவ்வொரு வரியும் அழுதுவிட்டு, யார் பார்க்கிறார்கள் என்று திரும்பிப் பார்த்த ஆட்கள் என்று ஓர் அத்தியாயம் முழுக்க எழுதியிருந்தார். ஓரத்தில் பென்சிலால், 'இவர்களுக்கு வெட்கமே இல்லையா' என்றும் ஒரு குறிப்பு.

ஓய்வு நேரத்தில் அவர் கல்வெட்டு எழுதிக்கொடுத்தார். யாழ்ப்பாணத்தார் வீட்டில் ஒருவர் செத்தால் முப்பத்தோராம் நாள் ஒரு சிறு புத்தகம் அடித்துக் கொடுக்கவேண்டும், அதுதான் கல்வெட்டு. முதலில் இறந்தவரின் படம், பிறகு வம்சம், பிறகு மனைவி புலம்பல், மக்கள் புலம்பல், மருமக்கள் புலம்பல். புலம்புகிறவர்கள் அதை எழுதுவதில்லை. எழுதத் தெரிந்தவரிடம் பெயர்களைக் கொடுத்துவிட்டுப் போவார்கள். வட லண்டனில் எழுதத் தெரிந்தவர் செல்வரத்தினம். கிங்ஸ்பரியில் புலம்பியதைக் கொஞ்சம் தட்டி நிமிர்த்தி வெம்பிளியிலும் புலம்பவைப்பார். இதையும் அந்தச் சுரங்கப் பட்டினத்தையும் அவர் மனம் ஒருநாளும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கவில்லை. ஆராய்ச்சி வேறு, ஊர்க்காரியம் வேறு.

தொண்ணூற்று மூன்றாம் ஆண்டு இலையுதிர்காலத்தில் அவருடைய மாமனார் செத்துப்போனார். இளைப்பாறிய ஸ்டேஷன் மாஸ்டர் தில்லையம்பலம். போரால் யாழ்ப்பாணத்துக்கு ரயில் நின்று மூன்று வருடமாகியிருந்தது. பாதை இல்லை, தபால் எப்போதாவது, போன் இல்லை. பிள்ளைகள் இரண்டுபேரும் லண்டனில். சேதி வள்ளம் ஏறி, லொறி ஏறி, கொழும்பில் ஒரு கடை போன்வரைக்கும் வந்து, அங்கிருந்து "அப்பா போயிட்டார்" என்று இரண்டு சொல்லாய் வந்தது. செல்வரத்தினத்தின் மனைவி அருள்நாயகி போனைப் பிடித்துக்கொண்டு, "ஆர் பக்கத்தில இருந்தது?" என்று கேட்டாள். லைன் அதற்குள் அறுந்துவிட்டது.

அதற்குப் பிறகு அவள் கேட்டதெல்லாம் அதையேதான். சமைக்கும்போது கேட்டாள், பஸ்ஸில் கேட்டாள். யார் பக்கத்தில் இருந்தது, கடைசியாய் என்ன சொன்னார். யாருக்கும் தெரியவில்லை.

அவளுடைய தம்பி யோகராஜாவுக்கு வேறு கவலை. அப்டன் பார்க்கிலும் கிங்ஸ்பரியிலும் அவனுக்குப் பெரிய கடைகள். தமிழ்ப் பண்பாட்டுப் பேரவையின் தலைவரும் அவன்தான். பேரவை சென்ற வருடம் இரண்டாகப் பிரிந்ததில் இரண்டு தலைவர்கள் இருந்தார்கள் என்பது வேறு கதை. மற்றத் தலைவர் தன் தாயாருக்கு நானூறு பேரைக் கூட்டி நினைவுக் கூட்டம் நடத்தியிருந்தார்.

"அத்தான், நீங்கள் முந்தி ஒருக்கா லெக்சர் குடுத்தனீங்களே, பிரேசிலில ஒரு ராசாவுக்குக் கட்டினதெண்டு," என்றான். அந்த லெக்சரில் அவன் முன்வரிசையில் இருந்து நித்திரை கொண்டவன். சரியான இடத்தில் விழித்திருக்கிறான் போலும். "அப்பாவுக்கு அது மாதிரி ஒண்டு கட்டவேணும்."

"அது சும்மா வெறும் பெட்டியடா, யோகன். அவங்கள் பகிடிக்காரங்கள்."

"எங்களிட்டையும் வெறும் பெட்டிதானே இருக்கு. அப்பாவை அங்கை ஆர் எரிச்சவன் எண்டே தெரியேல்லை." குரல் ஒரு கணம் தடுமாறியது, உடனே தலைவர் குரல் திரும்பிவிட்டது. "பறங்கி எங்களையும் ஆண்டவன்தானே அத்தான். பிரேசில்காரனுக்கு மட்டும் எழுதிக் குடுத்த சொத்தே?"

மறுக்கவேண்டும் என்றுதான் செல்வரத்தினம் வாயைத் திறந்தார். ஆனால் பதினோரு வருடத்தில் முதல்முறையாக ஒருவர் அவருடைய ஆராய்ச்சியைக் கேட்டு வந்திருக்கிறார். படிகள் ஐந்தா ஏழா என்று கேட்டுவிட்டார்.

மேடைக்காகச் சுந்தரராஜனைப் பிடித்தார்கள். தமிழ்நாட்டுக்காரர், லண்டன் முழுக்கக் கல்யாண மணவறை வாடகைக்கு விடுகிறவர். செல்வரத்தினத்தின் வரைபடத்தை அவர் தலைகீழாகவும் ஒருமுறை பார்த்தார்.

"சார், தப்பா நெனைக்காதீங்க. என்கிட்ட இருக்கிறது பூரா கல்யாண ஐட்டம். கறுப்புத் துணி போட்டு மூடிடலாம். மயில் கழுத்து மட்டும் கொஞ்சம் நீட்டிக்கிட்டுத் தெரியும்."

"கழுத்தை எடுக்க ஏலாதோ?"

"எடுத்தா அடுத்த ஞாயிறு ஈலிங்ல முகூர்த்தம், சார். மாப்பிள்ளை கழுத்தில்லாத மயிலுக்கு நடுவிலயா உக்காருவாரு?"

கிரீடம் வைக்கவேண்டிய இடத்தில் என்ன வைப்பது என்று பெரிய யோசனை நடந்தது. ஸ்டேஷன் மாஸ்டருக்குத் தொப்பிதானே பொருத்தம் என்று யோகராஜா சொல்ல, நாடக உடுப்புக் கடை ஒன்றில் ரயில்வேத் தொப்பி வாடகைக்கு எடுத்தார்கள். பொன் சரிகை வைத்த தொப்பி. அருள்நாயகி அதைச் சமையலறை மேசையில் கண்டு, "உது அப்பான்ரை தொப்பி இல்லை," என்றாள். யாரும் அப்படிச் சொல்லவில்லையே என்று அவளுக்குப் பதில் சொன்னார்கள்.

கல்வெட்டும் அச்சாகி வந்தது. அவள் மக்கள் புலம்பலைத் திறந்து, விரலை வைத்து வாசித்தாள்:

கொடியசைத்து வண்டிகளைக் கூட்டிவைத்த கோமானே,
விடிவிளக்கு ஓய்வதுபோல் விழிமூடிப் போனாயோ.

"இதில அழுகிறது ஆர்?"

"நீர்தான். கீழ பேர் இருக்கே."

"நான் எப்ப இப்பிடி அழுதனான்?"

"அது மரபு, அருள்."

"விழிமூடிப் போனார் எண்டு உங்களுக்கு ஆர் சொன்னது?" என்று கேட்டுவிட்டுப் புத்தகத்தை மூடிவைத்தாள்.

கூட்டத்துக்கு முதல்நாள், தெரிந்த பொடியன் கிறிஸ்துநாயகம் வந்தான். கனடாவுக்கு ஆட்களை அனுப்புகிற ஏஜென்ட் ஒருவனுக்கு அவன் வான் ஓட்டிக்கொண்டிருந்தான். வாசலிலேயே நின்று சொன்னான்: "அக்கா, ஏஜென்ட் ஆக்களை வைச்சிருக்கிற அப்டன் பார்க் வீட்டில சிவனேஸ்வரி எண்டு ஒரு பிள்ளை நிக்கிறா. உங்கடை அப்பான்ரை பக்கத்து வளவு வீடாம். கடைசி நேரம் தான்தான் இருந்ததெண்டும், மகளைக் கண்டு ஒரு விசயம் சொல்லவேணும் எண்டும் சொல்லுறா. நாளைக்கு இரவு அவவுக்குப் பிளேன். போன் எடுக்க ஏஜென்ட் விடான். நான் களவாக் கூட்டத்துக்குக் கூட்டிக்கொண்டு வாறன். ஆனால் நாலரைக்குத் திரும்ப ஏத்தவேணும்."

அவன் போனபிறகு அருள்நாயகி புருஷனிடம் வந்து நின்றாள். கல்யாணம் முடித்த நாளிலிருந்து அவள் அவரிடம் நேராய்க் கேட்டவை மிகவும் குறைவு.

"இஞ்சாருங்கோ. நாளைக்கு ரீக்கு எப்ப விடுவியள்?"

"நாலு மணிக்குத் தேநீர் இடைவேளை. நான்தானே நிகழ்ச்சி நடத்துறது."

"நாலுக்கு விடுங்கோ. எனக்கு வேற ஒண்டும் வேண்டாம்."

"விடுறன். என்ன விசர்க்கேள்வி."

கிங்ஸ்பரியில் ஒரு பள்ளிக்கூட மண்டபம். ஞாயிற்றுக்கிழமை பின்னேரம், வெளியே கார்கள் பகலெல்லாம் விளக்குப் போட்டுத் திரியும் நவம்பர் மழை. உள்ளே துயர்மேடை எழும்பி நின்றது. ஐந்து படி, கறுப்புத் துணி, துணிக்கு மேலே ஆறு மயில் கழுத்துகள், சுற்றிவர மின்சார மெழுகுதிரிகள். உச்சியில் பெட்டி, மெத்தை, தொப்பி. கார்ட்போர்ட் எலும்புக்கூட்டுக்கு யாரோ மறதியில் சந்தனப் பொட்டு வைத்திருந்தார்கள். முந்நூறு பேர் வாயைப் பிளந்து பார்த்தார்கள். மற்றப் பேரவைக்காரரும் பார்த்தார்கள் என்பதை யோகராஜா பார்த்தான்.

அந்தப் பட்டினத்துத் துயர்மேடையின் நாலு மூலையிலும் நாலு நற்குணங்கள் சிலையாக நின்றன என்று செல்வரத்தினம் ஒருநாள் வாய்தவறிச் சொல்லியிருந்தார். சிலைக்குப் பதிலாகக் குடும்பம் இருக்கட்டும் என்று யோகராஜா தீர்மானித்துவிட்டான். நீதி தனக்கு. துணிவு மனைவிக்கு. விசுவாசம் தன் மாமியாருக்கு, முழங்கால் வருத்தம் என்பதால் அவருக்குக் கதிரை. மிச்சம் இருந்தது பொறுமை.

"நான் கீழ இருக்கிறன்," என்றாள் அருள்நாயகி.

"அக்கா, வீடியோ கனடாவுக்குப் போகுது. மகள் எங்கை எண்டு கேப்பினம்."

"நாலு மணிவரைக்கும்தானே," என்றார் செல்வரத்தினம். "ஏறும். நீர் பொறுமை."

ஏறினாள். முதற்படியே நெஞ்சளவு உயரம். நால்வரும் ஏறியபிறகு சுந்தரராஜன் வந்து, "இந்த ஸ்டெப்புல மஞ்சக் கோலம் போட்டிருக்கு சார், கேமராவுல கல்யாணம் மாதிரி தெரியுது," என்று ஏறுபலகையைத் தூக்கி மேடைக்குப் பின்னால் கொண்டுபோய் வைத்துவிட்டார்.

கூட்டம் ஒரு மணிநேரம் பிந்தித் தொடங்கியது. வந்தவர்கள் ஒவ்வொருவராக மைக்கைப் பிடித்துத் தில்லையம்பலத்தைப் பற்றிப் பேசினார்கள். அதாவது, தாங்கள் எந்தெந்த ஆண்டு ரயிலில் முதலாம் வகுப்பில் போனோம் என்பதைப் பற்றிப் பேசினார்கள். கவுன்சிலர் ஒருவர் வந்து, இந்த அழகிய பண்டைத் தமிழ்க் கட்டடக்கலையைக் கண்டு தாம் நெகிழ்ந்துவிட்டதாக ஆங்கிலத்தில் சொல்லிவிட்டுப் போனார்.

நாலு மணிக்குச் சற்று முன் பக்கக் கதவால் ஒரு பெண் வந்தாள். யாருடையவோ பெரிய கோட்டுக்குள் சின்ன உருவம். நேரே செல்வரத்தினத்திடம் வந்தாள்.

"அண்ணை, நான் சிவனேஸ்வரி. மாஸ்டர் ஐயா வீட்டுப் பக்கத்து வளவு. அக்கா எங்கை?"

அவர் மேடையைக் காட்டினார். அவள் அண்ணாந்து பார்த்தாள். மயில்களைப் பார்த்தாள், எலும்புக்கூட்டைப் பார்த்தாள், உச்சியில் இருந்த தொப்பியைப் பார்த்தாள்.

"உங்களிட்டைச் சொல்லட்டே அண்ணை? வான் நிக்காது. அஞ்சு நிமிசக் கதைதான்."

"அவவுக்கே சொல்லுங்கோ பிள்ளை, அதுதான் முறை. இந்தா, ரீக்கு விடப்போறன். அதிலை இருங்கோ."

சொன்னதைச் செய்யத்தான் மைக்குக்குப் போனார். இடைவேளை என்ற சொல் நாக்கின் நுனியில் இருந்தது. அப்போதுதான் முந்நூறு முகங்களையும் அவர் முதன்முறையாக முன்னால் நின்று பார்த்தார். எல்லா முகங்களும் அவருடைய மேடையைப் பார்த்துக்கொண்டிருந்தன, ஒன்றுக்கும் அது விளங்கவில்லை. பல்கலைக்கழகத்தில் அவரைக் கேட்க இருந்தது ஒரு பேராசிரியர். அவரும் போன வருடம் இளைப்பாறிவிட்டார். ரீயைக் கண்டால் இந்தச் சனம் திரும்பி வராது. பாதிப்பேர் வடையைக் கடித்துக்கொண்டே காருக்குப் போய்விடுவார்கள்.

"தேநீருக்கு முன்னர்," என்றார் செல்வரத்தினம், "இந்தத் துயர்மேடையின் உட்பொருளைப் பற்றி ஒரு சில வார்த்தைகள்."

லிஸ்பனில் அரசர் செத்தார். கப்பல் புறப்பட்டது. அருள்நாயகி மேலேயிருந்து அவரைப் பார்த்தாள். அவர் அவளுக்குக் கையால் கொஞ்சம் என்று காட்டிவிட்டு, பரோக் என்றால் என்ன என்பதற்குப் போனார். சுவரில் இடம் விட்டால் சாவு வந்து குந்திவிடும் என்றபோது சனம் சிரித்தது. சனம் சிரித்ததால் அதை இன்னொரு விதமாகவும் சொன்னார். எலும்புக்கூட்டுக்கு வந்தார். மணற்கடிகாரத்துக்கு வந்தார், மனித வாழ்வின் நேரம் எப்படிச் சொல்லாமல் வழிந்துபோகிறது என்பதை உருக்கமாக விளக்கினார்.

ரீப் பாத்திரத்தடியில் கிறிஸ்துநாயகம் சிவனேஸ்வரியின் கோட்டுக் கையைப் பிடித்து இழுப்பதை அவர் கண்டார். அவள் சுவரோரமாக நடந்து மேடைக்குக் கீழே வந்து நின்றதையும் கண்டார். அருள்நாயகி குனிந்தாள். இறங்க இடம் தேடினாள், ஏறுபலகை இல்லை. சேலையை ஒரு கையால் பிடித்துக்கொண்டு முழந்தாளிட்டு மற்றக் கையை நீட்டினாள். கீழே நின்றவள் ஏதோ சொன்னாள். ஒலிபெருக்கி மேடைக்குப் பக்கத்தில்தான் இருந்தது. அதற்குள்ளிருந்து செல்வரத்தினம், கண்டிராத அரசனுக்காக அழுத கவிராயர்களைப் பற்றி முழங்கிக்கொண்டிருந்தார். "அக்கா, கமெரா," என்றது நீதி, உதடு அசையாமல்.

செல்வரத்தினம் ஒரு வாக்கியத்தின் நடுவில் இருந்தார். நீண்ட வாக்கியம், நல்ல வாக்கியம். முடித்துவிட்டு நிறுத்தலாம் என்று நினைத்தார். அது முடிந்தபோது கைதட்டல் எழுந்தது. தட்டி ஓய்ந்தபோது பக்கக் கதவு ஆடிக்கொண்டிருந்தது.

ஏறுபலகையைத் தேடிக் கொண்டுவந்து அருள்நாயகியை இறக்கினார்கள். அவள் கதவால் வெளியே போய் ரோட்டில் நின்றாள். மழை பெய்தது. வான் நின்ற இடத்தில் மட்டும் தார் கொஞ்சம் காய்ந்திருந்தது. அதுவும் பார்த்துக்கொண்டிருக்கவே நனைந்துவிட்டது. உள்ளே சனம் வடை தின்றது. "டொக்டர், இண்டைக்குத்தான் விளங்கினது," என்று கைகொடுத்தார்கள். மண்டபத்தை ஆறு மணிக்குத் திருப்பிக் கொடுக்கவேண்டும் என்று சுந்தரராஜன் கறுப்புத் துணியை உரித்துக்கொண்டிருந்தார். உள்ளேயிருந்து மயில்கள் ஒவ்வொன்றாகப் பச்சையும் நீலமுமாய் வெளியே வந்தன.

வீட்டுக்கு வந்ததும் செல்வரத்தினம் கிறிஸ்துநாயகத்துக்குப் போன் எடுத்தார். "ஏஜென்டிட்டைக் குடுத்திட்டன் அண்ணை. என்ன பேரில, எந்தப் பாஸ்போட்டில போறா எண்டு எனக்கே தெரியாது. அங்கை போய்ச் சேந்தாலும் அந்தப் பேரோடதான் இருப்பா," என்றான். வானுக்குள் ஏதும் சொன்னாளா என்று கேட்டார். "அக்காவுக்குச் சொல்லவேண்டியதை எனக்கு ஏன் சொல்லுறா," என்றான். "ஆனால் உங்களோட கதைச்சவ எண்டு கண்டன். அக்கா முதலே போன் எடுத்தவ, அவவிட்டையும் அதைச் சொன்னனான்."

அவர் சமையலறைக்கு வந்தபோது அருள்நாயகி சேலை மாற்றாமல் இருந்தாள். விளிம்பெல்லாம் நனைந்திருந்தது. மேசையில் நாளைக்குத் திருப்பிக் கொடுக்கவேண்டிய தொப்பி.

"அந்தப் பிள்ளை உங்களோட கதைச்சவவாம்."

"ஓம்."

"என்ன சொன்னவ?"

ஒன்றும் சொல்லவில்லை, சொல்ல வந்தாள், நான் விடவில்லை. நாலைந்து சொல்தான். செல்வரத்தினம் அதைச் சொல்லத்தான் மூச்செடுத்தார். ஆனால் அவள் முகத்தைப் பார்த்ததும் பழகிய கை பழகிய மைப்போத்திலுக்குப் போனது.

"கஷ்டப்படேல்லையாம். சாமத்தில உம்மடை பேரைச் சொன்னவராம். முகத்தில ஒரு அமைதியாம். அப்பிடியே… விடிவிளக்கு ஓயிற மாதிரி, கண்ணை மூடி…"

அவர் நிறுத்திவிட்டார். அவள் அழவில்லை.

"உது கல்வெட்டில இருக்கு," என்றாள். "மக்கள் புலம்பல். என்ரை பேர் போட்டிருக்கு."

வெளியே பக்கத்து வீட்டுக்காரர் குப்பைத்தொட்டியை இழுத்துக்கொண்டு போனார். கையும் களவுமாகப் பிடிபட்டவர் போலச் செல்வரத்தினம் தொப்பியின் சரிகையைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஏசுவாள் என்று எதிர்பார்த்தார். ஏசினால் ஆறுதலாய் இருக்கும்போல் இருந்தது.

அருள்நாயகி எழுந்து கேத்திலைப் போட்டாள். தண்ணீர் கொதிக்கும்வரை அதன் பக்கத்திலேயே நின்றாள். இரண்டு கோப்பையில் ரீ ஊற்றி, பால் விட்டு, அவர் பங்குக்குச் சீனியும் போட்டுக் கலக்கிக் கொண்டுவந்து வைத்தாள். தொப்பியை எடுத்து ஒரு பக்கமாக வைத்துவிட்டு அவருக்கு எதிரே இருந்தாள்.

"ரீ வந்திட்டுது," என்றாள். "இப்ப சொல்லுங்கோ. அந்தப் பிள்ளை என்ன சொல்ல வந்தவ?"

செல்வரத்தினம் வாயைத் திறந்தார். தேநீரில் ஆடை படியத் தொடங்கியது.